நியூட்டனின் அழகும் மண்டபத்தின் இரண்டு கடலும்: ஒரு நிகழ்வு ஆய்வு

இயற்பியலில் அழகுக்கு என்ன வேலை என்று பேச்செடுத்தாலே ஆளாளுக்கு ஐன்ஸ்டைன், டிராக், இழைக் கோட்பாடு என்று கிளம்பிவிடுகிறார்கள். எல்லாம் சரிதான், ஆனால் அதில் எதையும் நாமே சரிபார்க்க வழியில்லை, அதனால் விவாதம் சீக்கிரமே ரசனைச் சண்டையாகி நின்றுவிடும். இங்கே நான் எடுத்துக்கொள்வது முழங்கால் தண்ணீரில் நின்றபடி ஒரு கழியை வைத்துச் சோதிக்கக்கூடிய விஷயம். கடல் ஓதம், அதாவது கடல் மட்டம் நாள்தோறும் ஏறி இறங்குவது. இயற்பியலின் மிக அழகான விளக்கங்களில் ஒன்று அதற்கு உண்டு. அந்த விளக்கத்தைக் கரையில் கொண்டுபோய் வைத்தால் மிக மோசமாகச் சறுக்கவும் செய்யும். இரண்டும் ஒரே நேரத்தில் எப்படி உண்மையாக இருக்க முடியும் என்பதுதான் இந்த ஆய்வின் கேள்வி.

நடந்தது என்ன

மண்டபத்தில் நிலம் ரொம்பவே ஒடுங்கிவிடும். வடக்கே பாக் விரிகுடா, தெற்கே மன்னார் வளைகுடா. ஊர்க்காரர்களுக்கு வடகடல், தென்கடல். அலை அடங்கிக் கிடப்பதால் வடக்கே இருப்பதைப் பெண்கடல் என்றும் தெற்கே இருப்பதை ஆண்கடல் என்றும் சொல்வார்கள். ஒரு கடலில் காலை நனைத்துவிட்டு அடுத்த கடலுக்கு நடந்தே போய்விடலாம். இயற்பியல் ஆசிரியருக்கு இதைவிட நல்ல ஆய்வுக்கூடம் எங்கே கிடைக்கும்?

அந்தப் பக்கத்துப் பள்ளி ஒன்றில் பிளஸ் ஒன் வகுப்புக்கு இயற்பியல் எடுக்கும் நண்பர் ஒருவர், ஈர்ப்பியல் பாடம் முடிந்த கையோடு ஒரு வேலை செய்தார். இரண்டு மூங்கில் கழிகளில் சென்டிமீட்டர் கோடு போட்டு, படகு கட்டும் இடமாகப் பார்த்து வடகடலில் ஒன்றும் தென்கடலில் ஒன்றும் ஊன்றி, பௌர்ணமியை ஒட்டி மாணவர்களை முறை போட்டு மணிக்கு ஒரு தடவை அளவெடுக்க வைத்தார். எதிர்பார்ப்பு சுலபமானது. நிலா உச்சிக்கு வரும்போது தண்ணீர் ஏறியிருக்க வேண்டும், நிலா காலுக்கு நேர் கீழே பூமியின் மறுபக்கம் இருக்கும்போது இன்னொரு முறை ஏறியிருக்க வேண்டும், இடையில் வற்ற வேண்டும். இரண்டு கழிக்கும் தலைக்கு மேலே ஒரே நிலாதான், ஆகவே இரண்டும் ஒன்றாக ஏறி ஒன்றாக இறங்க வேண்டும்.

ஒரு நாளைக்கு இரண்டு ஏற்றம் வந்தது. மறுநாள் அதே ஏற்றம் சுமார் 50 நிமிடம், பழைய கணக்கில் ஏறத்தாழ இரண்டு நாழிகை, தள்ளி வந்தது. அதுவரை வகுப்பு முழுக்க சந்தோஷம். அப்புறம் பார்த்தால் ஏற்றம் வந்த நேரத்துக்கும் நிலா உச்சிக்கு வந்த நேரத்துக்கும் ஒட்டு இல்லை, வடகடல் நேரமும் தென்கடல் நேரமும் ஒன்றுக்கொன்று பொருந்தவில்லை, உயரமும் ஒன்றாக இல்லை, ஒரே நாளில் வந்த இரண்டு ஏற்றங்களே சமமாக இல்லை. அளவெடுத்த மாணவிகளில் ஒருத்தி கேட்டாளாம்: "சார், தியரி ரொம்ப அழகா இருக்கு. ஆனா நம்ம கடல் அதைப் படிக்கலையே?"

நண்பர் அன்று இரவே போன் செய்தார். "அண்ணே, 'தியரி சரிதான், கடல்தான் சிக்கலானது'ன்னு சொல்லித் தப்பிச்சுக்கலாம். ஆனா அப்படிச் சொன்னா அடுத்த பாடத்துல இருந்து எதையுமே நம்பாதுங்க."

நியாயமான பயம். அந்தப் பதில் தப்பும்கூட, ஏனென்றால் எந்தத் தோற்றுப்போன கோட்பாட்டுக்கும் அதே சாக்கைச் சொல்லலாம்.

அந்தக் கோட்பாட்டில் அப்படி என்ன அழகு

1687ல் நியூட்டன் எழுதிய 'பிரின்சிபியா' நூலில் ஓதத்துக்கென்று தனியாக எதையும் அவர் சேர்க்கவில்லை. ஆப்பிள், நிலா, வால்மீன் எல்லாவற்றுக்கும் எழுதிய அதே ஈர்ப்பு விதி. நிலாவைப் பார்த்திருக்கும் பக்கத்துக் கடல் நிலாவுக்குக் கொஞ்சம் பக்கம், அதனால் பூமியின் மையத்தைவிட அதிகமாக இழுபடுகிறது. எதிர்ப்பக்கத்துக் கடல் கொஞ்சம் தூரம், அதனால் மையத்தைவிடக் குறைவாக இழுபட்டுப் பின்தங்குகிறது. மையத்திலிருந்து பார்த்தால் இரண்டு பக்கமும் தண்ணீர் வெளியே புடைக்கிறது. ஒரு நிலாதான், ஆனால் நாளுக்கு இரண்டு ஏற்றம். காரணம் கழித்தல் கணக்கு. இதை முதல் தடவை புரிந்துகொண்ட அன்று யாருக்கும் ஒரு சின்னச் சிரிப்பு வரும்.

அதோடு முடியவில்லை. இது ஈர்ப்பு விசைகளின் வித்தியாசம் என்பதால் தூரத்தின் மும்மடிக்கு எதிர்விகிதத்தில் குறைகிறது. சூரியன் நிலாவைப் போல ஏறத்தாழ 2.7 கோடி மடங்கு நிறை, ஆனால் 390 மடங்கு தூரத்தில் இருக்கிறது. 390ஐ மும்முறை பெருக்கினால் 5.9 கோடி. 2.7ஐ 5.9ஆல் வகுத்தால் 0.46. அதாவது சூரியனின் ஓத விசை நிலாவினுடையதில் பாதிக்கும் சற்றுக் குறைவு. அமாவாசை, பௌர்ணமியில் இரண்டும் ஒரே கோட்டில் சேர்ந்து ஓதம் பெருக்கும், அட்டமி நவமி வாக்கில் ஒன்றுக்கொன்று குறுக்கே நின்று ஓதம் அடங்கும். நிலா நிலநடுக்கோட்டுக்கு வடக்கிலோ தெற்கிலோ விலகி நிற்கும் நாட்களில் இரண்டு புடைப்பும் சாய்ந்து நிற்கும், அதனால் ஒரே நாளின் இரண்டு ஏற்றங்கள் சமமாக இருக்காது. மாணவர்கள் குறை என்று எழுதி வைத்ததில் ஒன்று இப்படிக் கோட்பாட்டின் வரவிலேயே சேர்ந்துவிட்டது.

இயற்பியலாளர்கள் அழகு என்று சொல்லும்போது பெரும்பாலும் இதைத்தான் சொல்கிறார்கள். சமச்சீர், எளிமை என்று வேறு பெயர்களும் உண்டு. ஆனால் என் கணக்கில் முக்கியமானது இரண்டே: உள்ளே போட்டதைவிட வெளியே நிறைய வருவது, நடுவில் எதையும் நம் இஷ்டத்துக்குத் திருக முடியாமல் இருப்பது. இரண்டாவதைப் பலர் மறந்துவிடுகிறார்கள்.

கலிலியோவும் இதே கரையில் சறுக்கியவர்தான்

நியூட்டனுக்கு முன்னால் இன்னோர் அழகான ஓதக் கோட்பாடு இருந்தது. கலிலியோவினுடையது. பூமி தன்னைத்தானே சுற்றுகிறது, சூரியனையும் சுற்றுகிறது. நள்ளிரவுப் பக்கத்தில் இரண்டு வேகமும் கூடும், நண்பகல் பக்கத்தில் ஒன்றை ஒன்று கழிக்கும். கடல்நீர் ஒருமுறை வேகம் கூடி ஒருமுறை குறைந்து, தொட்டித் தண்ணீர்போலத் தளும்புகிறது. இவ்வளவுதான். நிலாவே தேவையில்லை. பூமி நகர்கிறது என்பதற்கு ஆதாரம் காலடியிலேயே இருக்கிறது என்று அவருக்கு இதன்மேல் அவ்வளவு ஆசை. 1632ல் வந்த உரையாடல் நூலின் நான்காம் நாள் முழுக்க இதற்குத்தான். நிலாவுக்குத் தண்ணீர்மேல் ஆட்சி உண்டு என்று நம்பிய கெப்ளரை, இவ்வளவு புத்திசாலி இதற்குப் போய்க் காதுகொடுத்தாரே என்று அதே நூலில் அங்கலாய்த்தார்.

சிக்கல் என்னவென்றால், அந்தக் கணக்குப்படி நாளுக்கு ஒரு ஏற்றம்தான் வர வேண்டும். வெனிஸில் இரண்டு வருகிறது. கலிலியோ என்ன செய்தார்? கடல் படுகையின் நீளம், ஆழம் இவையெல்லாம் சேர்ந்து ஒன்றை இரண்டாக்கிவிடுகின்றன என்று ஒரு ஒட்டுப் போட்டார்.

இதில் வேடிக்கை இருக்கிறது. அழகு என்று அவர் கொண்டாடிய நடுப்பகுதி முழுக்கத் தப்பு. வேண்டாவெறுப்பாக ஒட்டிய அந்தப் படுகை நீளமும் ஆழமும்தான் பின்னால் ஓத அறிவியலின் உயிராகிப்போனது. நியூட்டனுக்கு நேர் எதிர்: நடுப்பகுதி சரி, படுகை இல்லவே இல்லை. அழகான பகுதி சரியா தப்பா என்பதை அழகை வைத்து மட்டும் சொல்லிவிட முடியும் என்று யாராவது சொன்னால் இந்த இருவரையும் பக்கத்தில் வைத்துக் காட்டலாம், இரண்டு பேர் கையிலும் அழகான கோட்பாடுதான் இருந்தது.

புடைப்பு ஏன் நிலாவைத் துரத்திப் பிடிக்க முடியாது

நண்பருக்கு முதலில் நான் அனுப்பியது ஒரு கணக்கு. பாடப்புத்தகப் படத்தில் பூமி முழுக்கத் தண்ணீர், அந்தத் தண்ணீர் புடைப்பு நிலாவுக்கு நேராக அப்படியே நிற்கிறது, அடியில் பூமி சுழல்கிறது. பூமியில் நிற்கும் நம் பார்வைக்கு அந்தப் புடைப்பு நிலநடுக்கோட்டில் நொடிக்கு ஏறத்தாழ 460 மீட்டர் வேகத்தில் ஓட வேண்டும். ஓத அலை மாதிரி நீண்ட அலைகளின் வேகத்தைத் தீர்மானிப்பது ஆழம். புவியீர்ப்பு முடுக்கத்தை ஆழத்தால் பெருக்கி வர்க்கமூலம் எடுத்தால் வேகம் வந்துவிடும். பெருங்கடலின் ஆழம் 4 கிலோமீட்டர் என்று வைத்தால் நொடிக்குச் சுமார் 200 மீட்டர். நிலாவோடு சேர்ந்து ஓட வேண்டும் என்றால் கடல் 22 கிலோமீட்டர் ஆழம் வேண்டும். அப்படிப்பட்ட கடல் பூமியில் கிடையாது.

வடகடலுக்கு அதே கணக்கைப் போடுங்கள். ஆழம் பெரும்பாலும் 10 மீட்டரைச் சுற்றித்தான். நொடிக்கு 10 மீட்டர், அதாவது மணிக்கு 36 கிலோமீட்டர், ஊருக்குள் போகிற பஸ் வேகம். தனுஷ்கோடிக்கு அப்பால் மணல்திட்டுகளுக்கு நடுவே தண்ணீர் 2 மீட்டர் மட்டும் இருக்கும் இடத்தில் மணிக்கு 16 கிலோமீட்டர். ஆக நம் கடல் நிலாவுக்கு நேரடியாகத் தலையாட்டுவதே இல்லை. வடகடலுக்கு ஓதம் வங்காள விரிகுடாவிலிருந்து பாக் நீரிணை வழியாக வருகிறது. தென்கடலுக்குத் தெற்கே இந்தியப் பெருங்கடலிலிருந்து வருகிறது. நடுவில் இலங்கை என்ற பெரிய தடுப்பு. இரண்டு வெவ்வேறு வழியில், வெவ்வேறு ஆழத்தில் பயணம் செய்து வந்த அலைகள் மண்டபத்தின் இரண்டு கரையிலும் வந்து சேர்கின்றன. நேரம் பொருந்தினால்தான் ஆச்சரியம். பாம்பன் கால்வாயில் பாலத்துக்கு அடியில் தண்ணீர் அப்படி இழுத்துக்கொண்டு ஓடுவதற்கு ஒரு காரணம் இந்த இரண்டு மட்டங்களின் வித்தியாசம்தான்.

உயரக் கணக்கும் இப்படித்தான். நியூட்டனின் சும்மா நிற்கும் கடலில் நிலாவால் அதிகபட்சம் அரை மீட்டரை ஒட்டி, சூரியனால் கால் மீட்டர். நம் கரையில் ஓத வீச்சு பெரும்பாலும் ஒரு மீட்டரைத் தாண்டாது. ஆகா, கோட்பாடு பொருந்துகிறதே என்று தோன்றும். குஜராத்தில் பாவ்நகர் பக்கம் போய்ப் பார்த்தால் 10 மீட்டர் வரை ஏறி இறங்கும். அங்கே வளைகுடாவின் வடிவமும் நீளமும் ஓதத்தின் தாளத்துக்கு ஏறத்தாழ இசைந்துபோய் வீச்சைப் பெருக்கிவிடுகின்றன. ஆகவே நமக்குப் பொருந்தியது தற்செயல் என்றுதான் எடுத்துக்கொள்ள வேண்டும். இப்படித் தற்செயலாகப் பொருந்துகிற எண்கள்தான் அழகான கோட்பாடுகளுக்குப் பெரிய ஆபத்து.

நியூட்டனே இதில் மாட்டியவர். நிலாவின் நிறை தெரிய வேண்டும், அதற்கு நிலாவின் ஓத விசைக்கும் சூரியனின் ஓத விசைக்கும் உள்ள விகிதம் வேண்டும். அதை அவர் இங்கிலாந்தின் பிரிஸ்டல் அருகே எடுத்த ஓத உயரங்களிலிருந்து பிழிந்தார். விகிதம் ஏறத்தாழ நாலரைக்கு ஒன்று என்று வந்தது. உண்மை இரண்டே காலுக்கு ஒன்றுக்கும் குறைவு. அதனால் 1713ல் வந்த பிரின்சிபியாவின் இரண்டாம் பதிப்பில் நிலாவின் நிறை பூமியில் ஏறத்தாழ 40ல் ஒரு பங்கு என்று அச்சாகியது. உண்மையில் அது 81ல் ஒரு பங்கு. விதியில் தப்பில்லை. பிரிஸ்டல் துறைமுகத்தின் முகவெட்டை எடுத்து நிலாவின் மேல் போட்டுவிட்டார், அவ்வளவுதான்.

அசிங்கமான அட்டவணை

சரி, அப்படியென்றால் நாளைக்குப் பாம்பனில் எத்தனை மணிக்குத் தண்ணீர் ஏறும் என்று எப்படிச் சொல்கிறார்கள்? இந்திய நில அளவைத் துறை ஒவ்வோர் ஆண்டும் ஓத அட்டவணை போடுகிறதே?

1770களில் லாப்லாஸ் சுழலும் பூமியில் ஆழம் குறைந்த கடலுக்கான சமன்பாடுகளை எழுதிவிட்டார். அவையும் அழகுதான். ஆனால் உண்மையான கரைகளை வைத்து அவற்றைத் தீர்க்கக் கணினி வரும்வரை காத்திருக்க வேண்டியிருந்தது. நடுவில் 1860களில் வில்லியம் தாம்சன், பின்னால் கெல்வின் பிரபு, குறுக்கு வழி ஒன்றை எடுத்தார். நிலா, சூரியன் இவற்றின் ஓட்டத்திலிருந்து ஓதத்தில் எந்தெந்தக் கால இடைவெளிகள் வர முடியும் என்று முன்கூட்டியே தெரியும். நிலாவுக்கு 12.42 மணி, சூரியனுக்கு 12 மணி, இரண்டும் சாய்வதால் 23.93 மணி, 25.82 மணி, நிலா பூமிக்குப் பக்கம் வந்து விலகுவதால் 12.66 மணி, இப்படி ஒரு பட்டியல். ஒவ்வொன்றும் ஒரு வட்ட ஓட்டம். துறைமுகத்தில் போதுமான காலம் அளவெடுத்து, ஒவ்வொரு வட்டமும் அங்கே எவ்வளவு பெரிது, எவ்வளவு பிந்துகிறது என்ற இரண்டு எண்களைக் கண்டுபிடி. பிறகு எல்லா வட்டங்களையும் கூட்டினால் வருங்கால ஓதம் வந்துவிடும். 1872ல் கப்பிகளையும் கயிற்றையும் வைத்து இந்தக் கூட்டலைச் செய்யும் இயந்திரத்தையே செய்தார்கள். 1879ல் இந்தியத் துறைமுகங்களுக்கென்றே தனியாக ஒன்று, எட்வர்ட் ராபர்ட்ஸ் வடிவமைத்தது, லண்டனில் தயாரானது. 1921ல் டூட்சன் என்ற ஓத ஆய்வாளர் பட்டியலை 388 உறுப்புகள், அதாவது 388 வட்டங்கள் வரை நீட்டினார். இன்று வழக்கமாக 37 போதும் என்கிறார்கள். 37 உறுப்புக்கு இரண்டு எண் வீதம், ஒரு துறைமுகத்துக்கு 74 எண்கள்.

74 எண்கள்! எந்த அழகும் இல்லாத ஓர் அட்டவணை. அடுத்த துறைமுகத்துக்கு வேறு 74. ஆனால் இதுதான் வேலை செய்கிறது. கப்பல் விடுகிறவர்கள் இதைத்தான் பார்க்கிறார்கள், புடைப்புப் படத்தை யாரும் பார்ப்பதில்லை.

இந்த இடத்தில் வானியல் வரலாறு கொஞ்சம் தெரிந்தவர்கள் கையைத் தூக்குவார்கள். வட்டத்துக்கு மேல் வட்டம் போட்டுக் கிரகங்களின் ஓட்டத்தைப் பொருத்தினாரே தாலமி, அதை எல்லாரும் அழகில்லாத ஒட்டுவேலைக்கு உதாரணமாகச் சொல்கிறோமே, கெல்வின் செய்ததும் அதே அல்லவா? பார்க்க ஒன்று போலத்தான். வித்தியாசம் ஒரே இடத்தில் இருக்கிறது, அந்த ஒரு இடத்துக்காகத்தான் இந்தக் கட்டுரையே. தாலமிக்கு வட்டத்தின் அளவும் வேகமும் எல்லாமே கிரகத்தைப் பார்த்துப் பொருத்திக்கொள்ளும் எண்கள், ஒட்டவில்லையென்றால் வேறு எண். கெல்வினுக்குக் கால இடைவெளியைத் தொட உரிமையே கிடையாது. மண்டபத்தின் அளவுகள் 12.42க்குப் பதில் 12.9 மணி கேட்கின்றன என்று வைத்துக்கொள்ளுங்கள், சரி போகட்டும் என்று மாற்றிவிட முடியாது, கோட்பாடே செத்துப்போகும். டூட்சனின் 388 உறுப்புகளும் வெறும் ஆறு வானியல் சுழற்சிகளை முழு எண்களால் கூட்டிக் கழித்து வந்தவை. நிலா நாள், மாதம், ஆண்டு, 8.85 ஆண்டுச் சுழற்சி ஒன்று, 18.6 ஆண்டுச் சுழற்சி ஒன்று, ஏறத்தாழ 21,000 ஆண்டுச் சுழற்சி ஒன்று. அவ்வளவே. வடகடலில், தென்கடலில், பாவ்நகரில், பிரிஸ்டலில் எங்கே கழி ஊன்றினாலும் அதே இடைவெளிகள்.

ஆக நியூட்டனின் அழகு எங்கும் போய்விடவில்லை. புடைப்புப் படத்தில் இருக்கிறது என்று நாம் நினைத்துக்கொண்டிருந்தோம். அது இருப்பது கால இடைவெளிகளின் பட்டியலில். உயரமும் தாமதமும் கரையின் சொத்து, அங்கே அழகைத் தேடுவது வீண். மாணவர்களின் குறிப்பேட்டில் பொருந்தியது எது, பொருந்தாதது எது என்று இப்போது திரும்பப் பார்த்தால் கோடு சரியாக இந்த இடத்தில்தான் விழுகிறது: நாளுக்கு இரண்டு, 50 நிமிடத் தள்ளல், இவை பொருந்தின; எத்தனை மணிக்கு, எவ்வளவு உயரம், இவை பொருந்தவில்லை.

கரையை விட்டுக் கொஞ்சம் வெளியே

இந்தக் கோட்டைப் பிடித்துக்கொண்டு இயற்பியலின் பெரிய அழகுக் கதைகளைப் பார்த்தால் பல விஷயம் தெளிவாகிறது. 1596ல் கெப்ளர் ஆறு கிரகங்களின் கோளங்களுக்கு நடுவே எல்லா முகமும் ஒரே மாதிரி இருக்கும் ஐந்து சீர்த் திண்மங்களைப் பொருத்தி, கிரகத் தூரங்களுக்குக் காரணம் கண்டுவிட்டதாக மகிழ்ந்தார். கிரகங்கள் ஏன் இந்தத் தூரத்தில் இருக்கின்றன என்பது சூரியக் குடும்பம் உருவான விதத்தின் விபத்து, அதுவும் ஒருவகைக் கரை. அங்கே அழகைக் கேட்டதுதான் தவறு. அதே மனிதர் பின்னால் செவ்வாய்க் கணக்கில் வெறும் 8 ஆர்க்மினிட் (பாகையில் அறுபதில் ஒரு பங்குதான் ஒரு ஆர்க்மினிட்) உதைத்ததற்காக வட்டத்தையே தூக்கியெறிந்து, 1609ல் நீள்வட்டத்தை வெளியிட்டார். பார்க்க வட்டத்தைவிட அழகு குறைவு. ஆனால் அது எல்லாக் கிரகங்களுக்கும் ஒரே மாதிரி நின்றது.

டிராக் 1928ல் சார்பியலையும் குவாண்டம் இயக்கவியலையும் ஒரே சமன்பாட்டில் சேர்த்தபோது அதில் கேட்காத விருந்தாளியாக எதிர் ஆற்றல் தீர்வுகள் வந்தன. முதலில் அதைப் புரோட்டான் என்று சமாளிக்கப் பார்த்தார், நிறை ஒத்துவரவில்லை, சமன்பாடு விட்டுக்கொடுக்கவில்லை. 1931ல் புதுத் துகள் என்றே சொன்னார், 1932ல் ஆண்டர்சன் அந்தத் துகளை, எலக்ட்ரானின் நேர்மின்னூட்ட இரட்டையான பாசிட்ரானை, கண்டார். சமன்பாட்டில் திருக இடமில்லாததுதான் இங்கே வழிகாட்டியது.

நம்மூர்க் கதையும் ஒன்று உண்டு. 1935ல் லண்டனில் சந்திரசேகர், எரிந்து முடிந்த விண்மீனுக்கு ஒரு நிறை எல்லை உண்டு, அதைத் தாண்டினால் அது சுருங்கிக்கொண்டே போகும் என்று பேசியதும், வானியலாளர் எடிங்டன் எழுந்து, ஒரு விண்மீன் இப்படி அபத்தமாக நடந்துகொள்வதைத் தடுக்க இயற்கையில் ஏதாவது விதி இருக்க வேண்டும் என்றார். கணக்கில் தப்புக் காட்டவில்லை. இயற்கை இவ்வளவு கோரமாக இருக்காது என்ற ரசனைதான் பேசியது. அதே சந்திரசேகர்தான் பிற்காலத்தில் அறிவியலில் அழகு பற்றி மிக நிதானமாக எழுதியவர்களில் ஒருவர் என்பதை நினைக்க எனக்கு எப்போதும் பிடிக்கும்.

அப்புறம் 1974ல் ஜார்ஜியும் கிளாஷோவும் முன்வைத்த எஸ்யூ 5 கோட்பாடு. மின்காந்தம், வலுவற்ற விசை, வலுவான விசை மூன்றையும் ஒரே சமச்சீருக்குள் அடக்கியது. அவ்வளவு கச்சிதம், துணிச்சலும் கூட: புரோட்டான் ஒருநாள் சிதையும், சராசரி ஆயுள் ஏறத்தாழ 10ன் அடுக்கு 31 ஆண்டு அல்லது அதற்கும் குறைவு என்றது. கோலார் தங்கச் சுரங்கத்தில் 2 கிலோமீட்டருக்கும் கீழே இந்திய, ஜப்பானிய விஞ்ஞானிகள் இரும்பை அடுக்கி வைத்துக் காத்திருந்தார்கள், வேறு நாடுகளில் பெரிய தண்ணீர்த் தொட்டிகளோடு. சில சந்தேக நிகழ்வுகள் தவிர உறுதியாக எதுவும் சிக்கவில்லை. இன்றைய ஜப்பானிய அளவுகளின்படி, கோட்பாடு முக்கியமாகச் சொன்ன அந்தச் சிதைவுக்கு ஆயுள் 10ன் அடுக்கு 34 ஆண்டுக்கும் மேல். அந்த எளிய வடிவம் முடிந்தது. எனக்கு அந்தக் கோட்பாட்டின்மேல் மரியாதை குறையவில்லை, சோதித்துக் கொல்லக்கூடிய இடத்தில் தன் அழகை வைத்தது. எந்தச் சோதனை வந்தாலும் ஓர் எண்ணை நகர்த்திப் பிழைத்துக்கொள்ளும் அழகுதான் எனக்கு உறுத்தல்.

இன்னும் தீராத சண்டை ஒன்று இருக்கிறது, நண்பருக்கும் எனக்கும். துகள் இயற்பியலின் திட்ட மாதிரியில் (ஸ்டாண்டர்ட் மாடல்) அளந்து மட்டுமே தெரிந்துகொள்ளக்கூடிய எண்கள் 19 உண்டு, நியூட்ரினோ நிறைகளைச் சேர்த்தால் இன்னும் கூடும். அவை பாம்பனின் 74 எண்கள் மாதிரி கரையின் சொத்தா, இல்லை பின்னால் ஓர் அழகான விதி ஒளிந்திருக்கிறதா? நண்பர், "எல்லாம் கரைதான் அண்ணே, தேடாதீங்க" என்கிற கட்சி. எனக்கு அவ்வளவு உறுதி வரவில்லை. ஓதத்தில் எது விதி எது கரை என்று பிரித்துக்காட்ட நமக்குப் பல துறைமுகங்கள் இருந்தன, ஒரு மண்டபத்திலேயே இரண்டு கடல் இருக்கிறது. அந்த 19 எண்களுக்குப் பிரபஞ்சம் ஒன்றே ஒன்று. இரண்டாவது கழியை எங்கே ஊன்றுவது?

காற்று, பிறகு அடுத்த அளவெடுப்பு

கழியை ஊன்ற இடம் காட்டிய வள்ளக்காரர் ஒருவர் நண்பரிடம் சொன்னது இது: "வாத்தியாரே, அமாவாசை பவுர்ணமிக்கு நீவாடு (நீரோட்டம்) பலமா இருக்கும், அட்டமி நவமிக்குச் சோம்பிக் கிடக்கும். அதெல்லாம் சரி. ஆனா கச்சான் (தென்மேற்குக் காற்று) காலத்துல தென்கடல் தண்ணி வடகடலுக்கு ஓடும், வாடைக் காலத்துல திரும்பி ஓடும். காத்தைக் கேக்காம எப்படி எழுதுவீங்க?"

முழுக்கச் சரி. அட்டவணை தருவது வானத்தால் வரும் பங்கை மட்டும். பருவக்காற்று இரண்டு கடல்களின் மட்டத்தையும் மாற்றும், காற்றழுத்தம் ஒரு ஹெக்டோபாஸ்கல் குறைந்தால் கடல் சுமார் ஒரு சென்டிமீட்டர் எழும். 1964 டிசம்பரில் தனுஷ்கோடியை அழித்த புயலின் கடலெழுச்சி எந்த ஓத அட்டவணையிலும் இருந்திருக்காது. ஆனாலும் முதலில் ஓதத்தைக் கழித்தால்தான் மீதியில் காற்று எவ்வளவு என்று தெரியும், அந்த மீதியும் பயனுள்ள அளவுதான்.

நண்பர் அடுத்த சுற்றுக்குத் தயாராகிறார். இந்தமுறை என் ஒரே நிபந்தனை, ஒரு பௌர்ணமியை மட்டும் ஒட்டி அளக்கக் கூடாது. நிலாவின் 12.42 மணியும் சூரியனின் 12 மணியும் ஒன்றோடொன்று கலந்தே கழியில் தெரியும். இரண்டையும் பிரிக்க வேண்டுமென்றால் குறைந்தது 14.77 நாள் தொடர்ந்து அளக்க வேண்டும், அதாவது பௌர்ணமியிலிருந்து அமாவாசை வரை. எவ்வளவு நாள் என்று கடல் சொல்லவில்லை, அந்த இரண்டு இடைவெளிகள்தான் சொல்கின்றன. இரண்டு கரைக்கும் அளவெடுத்து, செல்போனிலேயே ஒரு விரிதாளில் போட்டு, இரண்டு வட்டங்களுக்கும் அளவும் தாமதமும் கண்டுபிடித்தால் போதும், அடுத்த பௌர்ணமியின் ஓதத்தை அவர்களே முன்கூட்டி எழுதிவைத்துச் சரிபார்க்கலாம். இரவு முறைக்குப் பெற்றோர் சம்மதம் வாங்க வேண்டும், அது பரவாயில்லை. காலாண்டுத் தேர்வு நடுவில் வந்து விழுகிறது, அதற்குத்தான் இன்னும் வழி கிடைக்கவில்லை.